ஒளியை மறந்த விமர்சனம்: சிறுவர் பாவைப்படங்களும் ஒளிப்பதிவாளரின் உழைப்பும்

திரைப்படம் ஒளியினால் ஆக்கப்படும் கலை என்பதை நம்மில் எவரும் மறுப்பதில்லை. ஆயினும், ஒரு படத்தைப் பற்றி எழுதப் புகும்போது அதன் கதையைச் சொல்கிறோம், நெறியாளரைப் போற்றுகிறோம் அல்லது தூற்றுகிறோம், நடிகரை எடைபோடுகிறோம். இடம் எஞ்சினால், 'ஒளிப்பதிவு நன்று' என்ற இரு சொற்களுடன் கடமையை முடித்துக்கொள்கிறோம். படம் சிறுவர்க்கானதாயின் அவ்விரு சொற்களும் இல்லாமற் போகின்றன. அது அசைவூட்டப் படமாகவும் அமைந்துவிட்டால், அதற்கு ஒளிப்பதிவாளர் என ஒருவர் இருந்தார் என்ற நினைவே நமக்கு எழுவதில்லை. இம்மறதி தற்செயலானதன்று. உழைப்பையும் குழந்தையையும் ஒருசேரத் தாழ்வாக மதிக்கும் மனப்பான்மையின் விளைவே இது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

இதனைப் பொதுப்படக் கூறிச் செல்வதிற் பயனில்லை. ஒருவரது தொழில் வாழ்க்கையை எடுத்து நோக்குவோம். பீற் கொஸாச்சிக் என்ற அமெரிக்க ஒளிப்பதிவாளர் 2023ஆம் ஆண்டு காலமானார். 1993இல் வெளியான 'த நைற்மெயார் பிபோர் கிறிஸ்மஸ்', 1996இல் வெளியான 'ஜேம்ஸ் அன்ட் த ஜயன்ற் பீச்', 2005இல் வெளியான 'கோப்ஸ் பிரைட்', 2009இல் வெளியான 'கோரலைன்' ஆகிய நான்கு முழுநீளப் படங்களின் பாவைக் காட்சிகளுக்கு ஒளியமைத்துப் படம்பிடித்தவர் அவர். இந்நான்கினுள் ஒன்றையேனும் பார்த்த இளைஞர் நம்மிடையே பலர் இருப்பர். அவரது பெயரைக் கேள்வியுற்றோர் எத்தனை பேர்?

ஒரு விநாடிக்கு இருபத்துநான்கு முறை

முதலில் இவ்வுழைப்பின் தன்மையைத் தெளிந்துகொள்ளல் வேண்டும். பாவைப்படம் என்பது தாளில் வரையப்படும் சித்திரமன்று. உலோக எலும்புக்கூட்டின்மேல் இறப்பர் முதலிய பொருள்களாற் செய்யப்பட்ட பாவை, மேசையளவான ஓர் அரங்கில் நிறுத்தப்படுகிறது. அசைவூட்டுநர் அதன் கையையோ தலையையோ மயிரிழையளவு நகர்த்திவிட்டு விலகுகிறார். கமரா ஒரு சட்டகத்தைப் பதிவுசெய்கிறது. மீண்டும் நகர்த்தல், மீண்டும் ஒரு சட்டகம். ஒரு விநாடி நேரம் திரையில் ஓடுவதற்கு 24 சட்டகங்கள் தேவை. 'நைற்மெயார்' படம் 76 நிமிடங்கள் ஓடுவது. கணக்கிட்டால் ஓர் இலட்சத்து ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்ட சட்டகங்கள். அப்படத்தை ஆக்குவதற்கு ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் சென்றன.

இங்கு ஒளிப்பதிவாளர் என்ன செய்கிறார்? நடிகரை வைத்து எடுக்கும் படத்தில், ஒரு காட்சிக்கென அமைத்த ஒளி சில மணி நேரம் நிலைத்தாற் போதும். பாவைப்படத்தில் அதே ஒளி நாட்கணக்கில், சிலவேளை வாரக்கணக்கில், இம்மியும் மாறாது நிற்றல் வேண்டும். மின்னழுத்தம் சற்றே தாழ்ந்தால் அச்சட்டகம் மங்கிவிடும். ஓடவிட்டுப் பார்க்கும்போது திரை துடிக்கும். காட்சியின் நடுவே ஒரு மின்குமிழ் எரிந்துபோனால் புதியது பழையதன் நிறத்தையே தரவேண்டும். அசைவூட்டுநர் வெளிறிய சட்டை அணிந்து வந்தால் அதிற்பட்டுத் தெறிக்கும் ஒளியும் பாவையின் முகத்திற் படியும். யாருமே பொருட்படுத்தாத இத்தகைய நூறு சிறுமைகளுக்கு எதிராக நாள்தோறும் விழித்திருப்பதே அவரது தொழில்.

அளவு பற்றிய சிக்கல் இதனினும் பெரியது. பாவையின் உயரம் ஏறத்தாழ ஓரடி. அவ்வளவு சிறிய பொருளை அவ்வளவு அருகிலிருந்து நோக்கும் வில்லைக்கு, பாவையின் மூக்குத் தெளிவாயின் காது மங்கும். காது தெளிவாயின் சுவர் மறையும். அந்த மங்கலைக் கண்டதும் பார்வையாளனின் கண், 'இது பொம்மை' எனத் தீர்ப்பளித்துவிடும். அதனைத் தவிர்ப்பதற்கு வில்லையின் துவாரத்தைக் குறுக்க வேண்டும். துவாரம் குறுகினால் ஒவ்வொரு சட்டகத்துக்கும் ஒளியை நீண்ட நேரம் உள்ளே விடவேண்டும். ஒரு வீட்டின் முற்றத்தில் நிலவொளி வீழ்கிறது என நாம் நம்புவதற்கு, கையகல முற்றத்தில் விரலளவு நிழல்களை அளந்து அமைத்தாகவேண்டும்.

கமரா அசையும் காட்சிகளோ வேறொரு வகைத் துன்பம். பாவை ஓரடி எடுத்துவைக்க இத்தனை சட்டகங்கள் எனின், அதனுடன் கூடவே கமராவும் அதே அளவிற் சிறிது சிறிதாக நகர்தல் வேண்டும். கணினியால் இயக்கப்படும் மோட்டர்கள் இதற்குப் பயன்பட்டன. கமரா செல்லவேண்டிய வழியை முன்கூட்டியே வகுத்து, அவ்வழியில் ஒவ்வொரு சட்டகத்துக்கும் ஓர் இடத்தைக் குறித்து, நாட்கணக்கில் அதனைப் பிசகாது பின்பற்றச் செய்தனர். முன்னைய பாவைப்படங்கள் பலவற்றில் கமரா நாடக மேடைக்கு முன்னாலிருக்கும் பார்வையாளனைப்போல் அசையாதிருந்தது. 'நைற்மெயார்' படத்தில் அது கல்லறைகளுக்கிடையே புகுந்து, கூரைகளின் மேலெழுந்து, பாவையைச் சுற்றி வருகிறது. அவ்வுலகத்துள் நாம் நடந்து திரிந்தோம் என்ற உணர்வு அதனாலேயே நமக்கு எழுகிறது. அந்த உணர்வைத் தந்தவருக்கு நாம் தந்த பெயர் என்ன?

பெயரும் சந்தையும்

அப்படத்தை நெறியாள்கை செய்தவர் ஹென்றி செலிக். ஆனால் படம் சந்தைக்கு வந்தது ரிம் பேர்ட்டனின் பெயரோடு. மூலக்கருவும் பாத்திரங்களும் பேர்ட்டனுடையவை. அவர் தயாரிப்பாளருள் ஒருவருமாவார். அக்காலத்தில் அவர் வேறு படங்களின் நெறியாள்கையில் ஈடுபட்டிருந்தார். எனினும் இன்றுவரை பொதுமக்களுட் பெரும்பாலோர் இதனை அவர் நெறியாள்கை செய்த படமென்றே கருதுகின்றனர். நெறியாளரின் பெயரே இவ்வாறு மறைக்கப்படுமாயின், அவருக்கும் அப்பால் இருளில் நின்று விளக்கைத் திருப்பியவரின் கதி யாதாகும்?

இது தனிமனிதர் ஒருவரின் சூழ்ச்சியன்று. சந்தை ஒரு பண்டத்தை விற்பதற்கு ஒரு முத்திரையை நாடுகிறது. முத்திரை ஒன்றாயிருக்கும்போதே விற்பனை இலகுவாகும். ஆகவே கூட்டாக உழைத்த பலரின் ஆக்கம் ஒருவரது மேதைமையாக மாற்றப்படுகிறது. சந்தைக்கு இது இயல்பு. சந்தையைக் கண்டிப்பதாகக் கூறிக்கொள்ளும் விமர்சகரும் அதே முத்திரையை அப்படியே ஏற்றுத் தம் கட்டுரைக்குத் தலைப்பாக இடுவதுதான் நகைப்புக்குரியது.

விருதுகளின் கதை இதனினும் தெளிவானது. 'நைற்மெயார்' படத்துக்காகக் கொஸாச்சிக் ஒஸ்கார் விருதுக்கு முன்மொழியப்பட்டார். எத்துறையில்? ஒளிப்பதிவில் அன்று. விசேட காட்சி விளைவுகள் என்ற துறையில், மேலும் மூவருடன் சேர்த்து. அத்துறையில் ஓர் அசைவூட்டப் படம் முன்மொழியப்பட்டது அதுவே முதன்முறை. விருது 'ஜுராசிக் பார்க்' படத்துக்குச் சென்றது. இரண்டாவது அசைவூட்டப் படமொன்று அத்துறையில் இடம்பெறுவதற்கு 23 ஆண்டுகள் செல்லவேண்டியிருந்தது. 2016இல் வெளியான 'கூபோ அன்ட் த ரூ ஸ்ரிங்ஸ்' என்ற அப்படத்தின் சார்பில் முன்மொழியப்பட்ட நால்வருள் அதன் ஒளிப்பதிவாளர் இல்லை.

ஒளிப்பதிவுக்கான ஒஸ்கார் விருது, விருதுகள் தோன்றிய 1929ஆம் ஆண்டு முதலே வழங்கப்பட்டு வருகிறது. முழுமையான அசைவூட்டப் படம் எதுவும் இன்றுவரை அவ்விருதுக்கு முன்மொழியப்பட்டதில்லை. 2010ஆம் ஆண்டு நடந்ததை நோக்குக. அவ்வாண்டு ஒளிப்பதிவு விருது 'அவதார்' படத்துக்காக மௌரோ பியோரே என்பவருக்குக் கிடைத்தது. அவரது திறமையை நாம் குறைத்து மதிக்கவில்லை. ஆயினும் அப்படத்திற் காணும் காடும் மலையும் உயிரினங்களும் பெரும்பகுதி கணினியுள் ஆக்கப்பட்டவை. அவற்றுக்கு முன்னால் கமராவோ விளக்கோ இருந்ததில்லை. அதே ஆண்டு போட்டியில் இருந்த 'கோரலைன்' படத்திலோ, அறையும் தோட்டமும் கதிரையும் கோப்பையும் கமராவுக்கு முன்னால் உண்மையாகவே இருந்தன. உண்மையான விளக்குகளின் ஒளி உண்மையான வில்லையினூடாகச் சென்று பதிந்தது. அப்படம் அசைவூட்டப் படங்களுக்கென ஒதுக்கப்பட்ட துறையில் மட்டுமே முன்மொழியப்பட்டது. அத்துறையின் விருதோ நெறியாளருக்கும் தயாரிப்பாளருக்கும் உரியது. ஒளிப்பதிவாளருக்கு அதிற் பங்கில்லை. கமரா இல்லாத காட்சிகள் மிகுந்த படத்துக்கு ஒளிப்பதிவு விருது. கமராவின்றி ஒரு சட்டகமும் பிறந்திராத படத்துக்கு ஒளிப்பதிவில் இடமில்லை! இவ்வகைப்பாட்டுக்கு அடிப்படை கலையன்று. ஒன்று பெரியோர் படம், மற்றது சிறுவர் படம் என்ற பாகுபாடே என்று நாம் கூறினால் அது மிகையாகுமா?

இதே தொழிலில் உழைப்போரின் நிலை இடையிடையே அங்கீகாரம் பெறாமலில்லை. கொஸாச்சிக் அமெரிக்க ஒளிப்பதிவாளர் சங்கத்தின் உறுப்பினராய் இருந்தவர். கணினி அசைவூட்டத்திலேயே தம் தொழில் வாழ்க்கையைக் கழித்த ஷரன் கலஹான் என்ற பெண்மணியையும் அச்சங்கம் 2014இல் உறுப்பினராக ஏற்றுக்கொண்டது. தொழிலாளர் தம் தோழரை இனங்கண்டுகொண்டனர். விமர்சகர் இன்னமும் இனங்காணவில்லை.

குழந்தையின் கண்

இங்கு ஒரு மறுப்பு எழக்கூடும். 'குழந்தைகள் கதையை விரும்புவர், வேடிக்கையை விரும்புவர், ஒளியையும் நிழலையும் அவர்கள் எங்கே அறியப்போகிறார்கள்? அறியாதவர்க்காக இத்தனை நுட்பம் எதற்கு?' என்று கேட்போர் உளர். குழந்தையைப் பற்றிய மிக மலிந்த அறியாமை இது.

'கோரலைன்' படத்தை எடுத்துக்கொள்வோம். பெற்றோரின் கவனிப்புப் போதாது வாடும் ஒரு சிறுமி, தன் வீட்டின் சுவரிலுள்ள சிறு கதவினூடாக மற்றொரு வீட்டுக்குச் செல்கிறாள். அது அவளது வீட்டைப் போன்றதே. ஆனால் அங்கு உணவு சுவையானது, தோட்டம் மலர்ந்தது, தாய் அன்பு சொரிபவள். அந்த அன்பு ஒரு பொறி என்பது பின்னரே தெரியவருகிறது. முப்பரிமாண முறையிற் படம்பிடிக்கப்பட்ட முதல் முழுநீளப் பாவைப்படம் இது. ஒரு கமராவே முதலில் ஒரு கண்ணுக்கும், சிறிது பக்கவாட்டில் நகர்ந்து மறு கண்ணுக்கும் என ஒவ்வொரு சட்டகத்தையும் இருமுறை பதிவுசெய்தது. அதனைக் கொண்டு அவர்கள் செய்தது என்ன என்பதைக் கொஸாச்சிக் 2009இல் தம் சங்கத்தின் சஞ்சிகையில் எழுதிய கட்டுரையில் விளக்கியுள்ளார். மெய்யான வீட்டின் அறைகள் ஆழமற்றவையாகக் கட்டப்பட்டன. நிறம் வடிந்து தட்டையாய்த் தோன்றின. மற்றைய வீட்டின் அறைகள் பார்வைக்கு அவைபோன்றே இருப்பினும் ஆழமுடையனவாகக் கட்டப்பட்டன. அங்கு ஒளியும் நிறமும் பொங்கின. பொறி வெளிப்படும் நிலையில், இன்பம் தந்த அதே ஆழம் அச்சம் தருவதாக மிகைப்படுத்தப்பட்டது.

எட்டு வயதுக் குழந்தைக்கு இதனை எவரும் எடுத்துரைக்க வேண்டியதில்லை. முதலாவது வீட்டில் அதற்கு மூச்சு முட்டுகிறது. இரண்டாவது வீட்டில் மார்பு விரிகிறது. பின்னர் அவ்விரிவே பயமாகிறது. பாத்திரங்கள் வாய்திறந்து கூறாத உண்மையை அறையின் ஆழம் கூறிவிடுகிறது. பெரியோராகிய நாம் வசனத்தைக் கேட்டுக்கொண்டிருக்கும்போது குழந்தை படத்தைப் பார்க்கிறது. எழுத்தறியுமுன் ஒளியை வாசிக்கக் கற்றவர்கள் அவர்கள். விளக்கணைந்த அறையின் மூலையில் எது இருக்கிறதென்று அவர்களுக்குத் தெரிந்த அளவு நமக்குத் தெரியாது. ஆகவே குழந்தைகளுக்கான படத்தின் ஒளிப்பதிவாளர், நுண்ணுணர்வு குறைந்தோர்க்குப் பணிசெய்பவரல்லர். ஒளியை மிகக் கூர்மையாக உணர்வோர்க்குப் பணிசெய்பவர்.

'ஜேம்ஸ் அன்ட் த ஜயன்ற் பீச்' இதற்கு மற்றுமொரு சான்று. இப்படத்தின் ஒரு பகுதி நடிகர்களைக் கொண்டு எடுக்கப்பட்டது. பழத்தினுள் நுழைந்ததும் சிறுவன் பாவையாகிவிடுகிறான். நடிகர் பகுதியை ஹிரோ நரிற்றாவும் பாவைப் பகுதியைக் கொஸாச்சிக்கும் படம்பிடித்தனர். ஒரே படம், ஒரே கதாபாத்திரம், இரு ஒளிப்பதிவாளர். ஊனும் உயிருமான சிறுவனும் கம்பியும் இறப்பருமான பாவையும் ஒருவனே எனக் குழந்தை ஏற்கவேண்டுமாயின், இரு பகுதிகளின் ஒளியும் ஒரே கதையின் ஒளியாய் இருத்தல் வேண்டும். முதலாவதற்கு ஒளிப்பதிவு என்றும் இரண்டாவதற்குப் பொம்மை விளையாட்டு என்றும் பெயரிட எந்தத் தர்க்கம் இடந்தரும்?

இரு மறுப்புகள்

இன்னும் இரு மறுப்புகளுக்கு விடையிறுக்க வேண்டியுள்ளது. அவை நம் பல்கலைக்கழக வட்டத்திலேயே எழக்கூடியவை.

முதலாவது: 'இவையெல்லாம் ஹொலிவூட் முதலாளிகளின் வணிகப் பண்டங்கள். இவற்றுள் ஒளியமைத்தவரைப் பற்றி நாம் ஏன் கவலைகொள்ள வேண்டும்?' என்பது. பண்டம் என்றால் என்ன என்பதை மறந்தோரே இவ்வாறு கேட்பர். உழைப்பை மறைத்து விலையை மட்டும் காட்டுவது பண்டத்தின் இயல்பு என்பதே நாம் கற்ற பாடம். அவ்வாறாயின், மறைந்த உழைப்பை வெளிக்கொணர்வதே விமர்சகனின் முதற்கடமை. அதனைச் செய்யாது பண்டத்தை ஒட்டுமொத்தமாகத் தள்ளிவிடுவது, அதனைத் துதிபாடி விற்பவனுடைய வேலையையே மறுபக்கத்திலிருந்து செய்வதாகும். அன்றியும், வணிகப் படமென்பதால் அதனுள் உண்மையே இராதென்று எண்ணுவதும் பிழை. 'கோப்ஸ் பிரைட்' படத்தில் மீன் வணிகனின் பணத்துக்கும் பொருளிழந்த பிரபுக் குடும்பத்தின் பட்டத்துக்கும் இடையே ஒரு திருமணம் பேரம்பேசப்படுகிறது. அப்படத்தில் வாழ்வோர் உலகம் சாம்பல் பூத்துக் கிடக்க, இறந்தோர் உலகம் வண்ணம் கொழித்து நிற்கிறது. பணத்துக்காகப் பிள்ளைகளை விற்கும் சமூகமே உண்மையிற் பிணம் என்ற தீர்ப்பை அங்கு வழங்குவது வசனமன்று, ஒளியே.

இரண்டாவது மறுப்பு வலுவானது. 'பாவைப்படம் பலரின் கூட்டுழைப்பு. பாவை செய்தோர், அரங்கம் கட்டியோர், அசைவூட்டியோர், உடை தைத்தோர் எனப் பலர் இருக்க, ஒருவரைத் தூக்கிப்பிடிப்பது, நெறியாளர் வழிபாட்டுக்குப் பதிலாக ஒளிப்பதிவாளர் வழிபாட்டைக் கொணர்வதாகாதா?' நியாயமான கேள்வி. கொஸாச்சிக்கும் தனியாக நின்றவரல்லர். பல அரங்குகளில் ஒரே காலத்திற் படப்பிடிப்பு நடக்கும் இத்தகைய படத்தில், அவருக்குக் கீழ் வேறு கமராக்காரரும் மின் பணியாளரும் உழைத்தனர். ஓர் அரங்கில் இன்றும் மற்றோர் அரங்கில் பல மாதங்களின் பின்னும் எடுக்கப்பட்ட காட்சிகள் ஒரே இரவின் காட்சிகளாய்த் தோன்றுவது அவர்கள் அனைவரது ஒழுங்கினாலுமே. நாம் கோருவது புதியதொரு வீரனையன்று. ஒரு தொழிலுக்கு அதன் பெயரைச் சொல்லுங்கள் என்கிறோம். அத்தொழில் கருத்தை ஆக்கும் தொழில் என்பதை ஏற்றுக்கொள்ளுங்கள் என்கிறோம். பாவை செய்தோரைப் பற்றியும் உடை தைத்தோரைப் பற்றியும் எழுத வருவோர் வரட்டும். அவர்களுக்கு இடமளிக்கும் விமர்சனமே நமக்கு வேண்டும்.

இத்தொழில் வாழ்க்கையில் உள்ள ஒரு இடைவெளியை நோக்கினால் நம் வாதத்தின் கனம் புலனாகும். 1996க்கும் 2005க்கும் இடையே, கொஸாச்சிக் ஒளிப்பதிவாளராகப் பணியாற்றிய முழுநீளப் பாவைப்படம் எதுவும் வெளிவரவில்லை. அவ்வொன்பது ஆண்டுகளிலும் அவர் பிறர் படங்களின் காட்சி விளைவுகளில் உழைத்தார். 'ஜுராசிக் பார்க்' படத்தின் பின்னர் கணினிப் படிமமே காலத்தின் போக்காயிற்று. பாவையும் விளக்கும் பழம்பொருளாகக் கணிக்கப்பட்டன. அவர் திரும்பி வந்தபோது பழமையைக் கட்டிக்கொண்டு அழவில்லை. 'கோப்ஸ் பிரைட்' படம் திரைப்படச் சுருளை விடுத்து, ஒளிப்படக்காரர் கையாளும் எண்முறைக் கமராவினாற் பதிவுசெய்யப்பட்டது. அம்முறையில் எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் பாவைப்படம் அது. அடுத்த படத்தில் முப்பரிமாணம். கருவிகள் மாறின, ஓரடிப் பாவையின் முகத்தில் எந்தப் பக்கத்திலிருந்து ஒளி வீழவேண்டும் என்ற கேள்வி மாறவில்லை. கருவியே கலையை ஆக்குகிறது என்போர்க்கு இதுவே விடை.

நாம் செய்யவேண்டியது

இறுதியாக நம்மை நோக்கியே சில வார்த்தைகள். நம் தமிழ்ச் சூழலில் திரைப்பட விமர்சனம் இலக்கிய விமர்சனத்தின் பிள்ளையாகவே வளர்ந்தது. அதனால் நாம் கதையையும் வசனத்தையும் கருத்தையும் தேடப் பழகினோம். படிமத்தைப் பார்க்கப் பழகவில்லை. சிறுவர் இலக்கியத்தை இலக்கியத்தின் கடைக்கோடியில் வைத்த அதே கை, சிறுவர் படத்தைச் சினிமாவின் கடைக்கோடியில் வைத்தது. இவ்விரு பழக்கங்களும் கூடிய இடத்திலேதான் கொஸாச்சிக் போன்றோரின் உழைப்பு காணாமற் போகிறது.

இதனை மாற்ற விருதுக் குழுக்களைக் காத்திருக்க வேண்டியதில்லை. நமது திரைப்பட வட்டங்களில் இப்படங்களுள் ஒன்றை ஒலியை நிறுத்திவிட்டு ஒருமுறை பார்ப்போம். ஒளி எங்கிருந்து வருகிறது, எப்போது மாறுகிறது, ஏன் மாறுகிறது எனக் குறித்துக்கொள்வோம். நம் ஏடுகளில் சிறுவர் படமொன்றைப் பற்றி எழுதும்போது, பெரியோர் படத்துக்குப் பிரயோகிக்கும் அளவுகோலையே பிரயோகிப்போம். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது எழுந்து செல்லாது இருப்போம்.

தன் பிள்ளைக்கு எத்தகைய உணவைக் கொடுக்கிறது என்பதைக் கொண்டு ஒரு சமூகத்தை அளக்கலாம் எனின், எத்தகைய ஒளியைக் கொடுக்கிறது என்பதைக் கொண்டும் அளக்கலாம். அந்த ஒளியை ஆக்குவோரின் பெயரைக் கூறவும் விரும்பாத சமூகம், தன் பிள்ளையை மதிக்கிறது என்று எவ்வாறு நம்புவது?